கூட்டு உயிலும் குடும்ப நிலமும்: கையெழுத்துப் போடும் முன் கவனிக்க வேண்டியவை

திருவண்ணாமலையிலிருந்து வேலூர் போகும் சாலையில் ஊரை ஒட்டி இருப்பது வேங்கிக்கால். ஏரியும் அதைச் சுற்றி நஞ்சையும் புஞ்சையுமாக இருந்த ஊர். 1989-ம் ஆண்டு வட ஆற்காட்டிலிருந்து திருவண்ணாமலை தனி மாவட்டமாகப் பிரிந்தது. கலெக்டர் ஆபீஸ் வேங்கிக்காலில் அமைந்தது. அதன்பின் சாலையோர நிலங்களின் மதிப்பு ஏறத் தொடங்கியது. நெல்லும் மல்லாட்டையும் விளைந்த காலத்தில் ஏக்கர் கணக்கில் பேசப்பட்ட நிலம், பிறகு சென்ட் கணக்கிலும், இப்போது சதுர அடிக் கணக்கிலும் பேசப்படுகிறது.

நிலத்தின் விலை ஏறும்போது பங்காளிகளுக்குள் பேச்சுக் குறைகிறது. அண்ணன் பெயரில் பட்டா இருந்தால் என்ன, தம்பி உழுதால் என்ன என்று விட்டுக்கொடுத்து வாழ்ந்த குடும்பங்களும், ஊர் வளர்ந்தபின் பழைய பத்திரங்களைப் பெட்டியிலிருந்து எடுத்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. அப்படி எடுக்கும்போது அதிகக் குழப்பம் தருவது, தாயும் தகப்பனும் சேர்ந்து ஒரே தாளில் எழுதிவைத்த கூட்டு உயில்தான்.

"இருவரும் சேர்ந்து எழுதிவிட்டால் பின்னால் தகராறு வராது" என்ற எண்ணத்தில்தான் பெரியவர்கள் கூட்டு உயில் எழுதுகிறார்கள். எண்ணம் நல்லதுதான். ஆனால் வாசகம் சரியாக அமையாவிட்டால், தகராறைத் தடுக்க எழுதிய அதே தாள் தகராறுக்குக் காரணமாகிவிடும். ஆகவே சிறு விவசாயிகள் இதன் நுட்பத்தைத் தெரிந்துகொள்வது அவசியம்.

திருவண்ணாமலையில் ஓர் உதாரணம்

உயில் என்பது பெரும் பணக்காரர்களின் காரியம் என்று நினைப்பவர்கள் உண்டு. திருவண்ணாமலையிலேயே இதற்கு மாறான உதாரணம் இருக்கிறது. தமக்கென்று ஒன்றும் வைத்துக்கொள்ளாமல் வாழ்ந்தவர் ரமண மகரிஷி. அவரைச் சுற்றி வளர்ந்த ஆசிரமத்தின் நிர்வாகம் யாருக்கு என்ற கேள்வி 1930-களில் எழுந்து கோர்ட்டு வரை போனது. 1938-ம் ஆண்டு அவர் ஓர் உயில் எழுதி, நிர்வாகப் பொறுப்பு தம் தம்பிக்கும் அவருக்குப்பின் அவர் வழியினருக்கும் போக வேண்டும் என்று குறித்துவைத்தார். 1950-ல் மகரிஷி மறைந்தபின் ஆசிரமம் அந்த ஏற்பாட்டின்படியே நடந்துவருகிறது.

இதில் விவசாயிக்கு ஒரு பாடம் உண்டு. பற்று இல்லாதவர் விட்டுச்செல்லும் இடத்துக்கே உரிமை கேட்டு வழக்கு வரும் என்றால், ஐந்து ஏக்கரும் ஒரு கிணறும் நான்கு பிள்ளைகளும் உள்ள வீட்டில் வராதா?

கூட்டு உயில் வேறு, பரஸ்பர உயில் வேறு

இரண்டு பேர் தங்கள் தங்கள் சொத்தைப் பற்றி ஒரே பத்திரத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டால் அது கூட்டு உயில். கணவனும் மனைவியும் எழுதலாம். அண்ணன் தம்பியும் எழுதலாம். பார்வைக்கு ஒரே உயிலாக இருந்தாலும் சட்டத்தின் கண்ணில் அது இரண்டு உயில். தகப்பன் இறந்தால் அவருடைய சொத்தைப் பற்றிய பகுதி நடைமுறைக்கு வருகிறது. தாய் இறந்தபிறகே அவளுடைய சொத்தைப் பற்றிய பகுதி நடைமுறைக்கு வருகிறது.

"எனக்குப் பின் என் சொத்து உனக்கு, உனக்குப் பின் உன் சொத்து எனக்கு, இருவருக்கும் பின் இன்னாருக்கு" என்று ஒருவருக்கொருவர் ஆதாயம் கொடுத்து எழுதிக்கொண்டால் அது பரஸ்பர உயில். இதை ஒரே தாளிலும் எழுதலாம். தனித்தனித் தாளிலும் எழுதலாம். கிராமங்களில் கணவன் மனைவி எழுதும் கூட்டு உயில் பெரும்பாலும் பரஸ்பர உயிலாகவும் இருக்கிறது. சிக்கல் தொடங்கும் இடம் இதுதான்.

ஒருவர் இறந்தபின் மற்றவர் மாற்றலாமா?

1925-ம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம் 62-வது பிரிவின்படி, உயில் எழுதியவர் சுயநினைவோடு இருக்கும்வரை அதை எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம், ரத்து செய்யலாம். கடைசியாக எழுதிய உயிலே செல்லும். இது பொது விதி.

ஆனால் பரஸ்பர உயிலில் ஒருவர் இறந்து, மற்றவர் அந்த உயிலின்படி கிடைத்த ஆதாயத்தை அனுபவிக்கத் தொடங்கிவிட்டால் நிலைமை மாறுகிறது. "நீ சொன்னபடி நடப்பாய் என்று நம்பித்தான் அவர் தம் உயிலை மாற்றாமல் கண்ணை மூடினார். அவர் கொடுத்ததை வாங்கிக்கொண்டு, நீ கொடுத்த வாக்கை மாற்ற முடியாது" என்பதே கோர்ட்டுகள் எடுத்துவரும் நிலை. இங்கிலாந்தில் 1769-ம் ஆண்டிலேயே லார்டு கேம்டன் என்ற நீதிபதி இந்தக் கொள்கையை வகுத்தார்.

சென்னை ஐகோர்ட்டிலும் இது பற்றி முக்கியமான தீர்ப்பு உண்டு. குப்புசாமி ராஜா எதிர் பெருமாள் ராஜா என்ற வழக்கு 1964-ம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்பில் வெளியானது. இருவர் ஒரே பத்திரமாக எழுதிய உயில் பற்றியது அது. "எங்கள் சொத்து", "எங்கள் விருப்பம்", "எங்கள் உயில்" என்பதுபோல் இருவரும் சேர்ந்தே பேசும் வாசகங்கள் இருந்தால், ஒருவர் சம்மதமில்லாமல் மற்றவர் அதை ரத்து செய்யக்கூடாது என்பதே இருவரின் எண்ணம் என்பதற்கு அது வலுவான சான்று என்று ஐகோர்ட்டு கூறியது. ரத்து செய்யமாட்டோம் என்று தனியாக ஓர் ஒப்பந்தம் எழுதியிருக்க வேண்டிய அவசியமில்லை என்றும் சொன்னது.

பத்திரம் எழுதுபவர் வழக்கமாகப் போடும் "எங்கள்" என்ற ஒரு சொல், பிழைத்திருப்பவரின் கையைக் கட்டிப்போடலாம். இதை எழுதும் நாளில் யாரும் எடுத்துச் சொல்வதில்லை.

பணமும் வக்கீலும் குறைவில்லாத குடும்பங்களும் இந்தச் சிக்கலில் மாட்டியிருக்கின்றன. கல்கத்தாவின் பெரிய தொழிலதிபரான மாதவ் பிரசாத் பிர்லாவும் அவர் மனைவி பிரியம்வதா தேவியும் 1982-ல் பரஸ்பர உயில்கள் எழுதினார்கள். சொத்து கடைசியில் தர்மத்துக்குப் போக வேண்டும் என்பது அதன் நோக்கம். 1990-ல் கணவர் காலமானார். 1999-ல் பிரியம்வதா தேவி தம் ஆடிட்டர் பெயருக்கு வேறு உயில் எழுதினார் என்பது 2004-ல் அவர் இறந்தபின் வெளியே வந்தது. முதலில் எழுதியது கட்டுப்படுத்துமா, பின்னால் எழுதியது செல்லுமா என்று தொடங்கிய வழக்குகள், அந்த ஆடிட்டர் காலமானபின்னும் ஓயவில்லை. கோடிகளில் புரளும் குடும்பம் வழக்கைத் தாங்கும். ஐந்து ஏக்கர்க் குடும்பம் தாங்காது.

வெளிநாடுகளிலும் இது பற்றி ஒரே கருத்து இல்லை. பிரான்சு நாட்டுச் சட்டம் இரண்டு பேர் ஒரே தாளில் உயில் எழுதுவதையே அனுமதிப்பதில்லை. ஜெர்மனியில் கணவன் மனைவி சேர்ந்து எழுதலாம். ஆனால் ஒருவருக்கொருவர் கட்டுப்பட்டு எழுதியதை, ஒருவர் இறந்தபின் மற்றவர் இஷ்டம்போல் மாற்ற முடியாது. எந்த நாடானாலும் பிரச்சினை ஒன்றுதான்: இறந்தவருக்குக் கொடுத்த வாக்கு பெரிதா, இருப்பவரின் தேவை பெரிதா?

ஒரு தாயின் நிலை

ஓர் உதாரணத்தைப் பார்க்கலாம். ஒரு விவசாயி தம் சம்பாத்தியத்தில் வாங்கிய ஒரு ஏக்கர் இருக்கிறது. அவர் மனைவி பெயரில் அரை ஏக்கர் இருக்கிறது. இருவரும் சேர்ந்து, "எங்கள் இருவரில் பிழைத்திருப்பவர் எங்கள் சொத்து முழுவதையும் ஆண்டு அனுபவித்துக்கொள்ள வேண்டியது, இருவர் காலத்துக்கும் பின் மூத்த மகன் அடைய வேண்டியது" என்று கூட்டு உயில் எழுதுகிறார்கள். கணவர் இறக்கிறார். தாய் ஒன்றரை ஏக்கரையும் வாரத்துக்கு விட்டு அனுபவிக்கிறாள். மூத்த மகன் வெளியூரில் தங்கிவிடுகிறான். தாயைக் குளிப்பாட்டி, சோறு போட்டு, ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போவது மகள். தன் பெயரில் உள்ள அரை ஏக்கரையாவது மகளுக்கு எழுதிவைக்கத் தாய் விரும்புகிறாள்.

அவள் எழுதலாமா? அந்த அரை ஏக்கர் அவளுடைய சொந்தச் சொத்துதான். ஆனாலும் அவள் கணவரின் ஒரு ஏக்கரை உயிலின்படி அனுபவித்துவிட்டாள். "எங்கள் சொத்து" என்று ஒப்புக்கொண்டும் இருக்கிறாள். மேலே சொன்ன தீர்ப்பைக் காட்டி, பின்னால் எழுதிய உயில் செல்லாது என்று மூத்த மகன் வழக்குப் போடலாம். தாய் நிலத்தை விற்று ஆபரேஷன் செலவுக்குக் கட்டினால், அந்த விற்பனையும் கேள்விக்கு ஆளாகும்.

"தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறு" என்பார்கள். கணவனும் மனைவியும் ஒரே நாளில் இறப்பதில்லை. பிழைத்திருப்பவர் இன்னும் பத்து இருபது வருஷம் வாழ வேண்டியிருக்கும். அந்தக் காலத்துக்குரிய சுதந்திரத்தை உயிலில் விட்டுவைக்காவிட்டால், பெற்றவளே தன் நிலத்தில் குத்தகைக்காரிபோல் ஆகிவிடுவாள்.

இதில் இன்னொரு வகைக் குழப்பமும் உண்டு. "மனைவி சர்வ சுதந்திரமாக ஆண்டு அனுபவிக்க" என்று ஒரு வரியும், "அவளுக்குப் பின் மகனுக்கு" என்று அடுத்த வரியும் எழுதிவிடுகிறார்கள். முதல் வரி முழு உரிமை தருகிறது. அடுத்த வரி அதை ஆயுள் உரிமையாகக் குறைக்கிறது. எது நிற்கும் என்பதைக் கோர்ட்டுதான் சொல்ல வேண்டும். மேலும், 1956-ம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம் 14-வது பிரிவும், 1977-ல் துளசம்மா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு கூறிய தீர்ப்பும் முக்கியமானவை. மனைவியின் ஜீவனாம்ச உரிமையை ஒட்டிக் கொடுக்கப்பட்ட ஆயுள் உரிமை, முழு உரிமையாகவே மாறிவிடலாம் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். எனவே "ஆயுள் வரை" என்று எழுதிவிட்டதாலேயே விஷயம் முடிந்துவிடுவதில்லை.

உயில் எழுத எவ்வளவு நிலம் உண்டு?

உயில் எழுதும்போது கேட்க வேண்டிய முதல் கேள்வி, "யாருக்கு எழுதுவது?" என்பதல்ல, "எதை எழுத எனக்கு உரிமை உண்டு?" என்பதே. தம்முடையது அல்லாத நிலத்துக்கு யாரும் உயில் எழுத முடியாது.

பிதிரார்ஜிதக் கூட்டுச் சொத்தில் மகன்களுக்குப் பிறப்பிலேயே பங்கு உண்டு. மகளுக்கும் உண்டு என்பதை இன்னும் பலர் ஏற்பதில்லை. தமிழ்நாட்டில் 1989-ம் ஆண்டு மார்ச் 25-ம் தேதி நடைமுறைக்கு வந்த சட்டம், அன்றுவரை மணமாகாத மகள்களுக்கு மகன்களோடு சம பங்கு தந்தது. 2005-ம் ஆண்டு செப்டம்பர் 9-ம் தேதி வந்த மத்திய சட்டத் திருத்தம், மணமானவர்கள் உட்பட எல்லா மகள்களுக்கும் அந்த உரிமையைத் தந்தது. அந்தத் தேதியில் தகப்பன் உயிரோடு இருந்திருக்க வேண்டும் என்ற அவசியமில்லை என்று 2020-ல் வினீதா சர்மா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு முடிவாகச் சொல்லிவிட்டது. 2004-ம் ஆண்டு டிசம்பர் 20-ம் தேதிக்கு முன் பதிவுப் பத்திரம் மூலமோ கோர்ட்டு டிக்ரி மூலமோ நடந்து முடிந்த பாகப்பிரிவினைகளை இந்தத் திருத்தம் தொடாது.

இதைக் கணக்காகப் பார்த்தால் எளிதில் விளங்கும். ஒரு விவசாயிக்குப் பிதிரார்ஜித நிலம் 4 ஏக்கர், சொந்தச் சம்பாத்தியம் 1 ஏக்கர், ஆக 5 ஏக்கர். மனைவி, இரண்டு மகன், ஒரு மகள் இருக்கிறார்கள். பிதிரார்ஜித நிலத்தில் தகப்பனுக்கும் மூன்று பிள்ளைகளுக்கும் தலைக்கு 1 ஏக்கர். ஆகத் தகப்பன் உயில் எழுதக்கூடியது அந்த 1 ஏக்கரும் சொந்தமாக வாங்கிய 1 ஏக்கரும்தான். அஞ்சு ஏக்கருக்கும் எழுதினாலும் உயில் 2 ஏக்கருக்குத்தான் செல்லும்.

அவர் உயிலே எழுதாமல் இறந்தால், அந்த 2 ஏக்கரும் மனைவி, இரண்டு மகன், மகள் ஆகிய நால்வருக்கும் தலைக்கு 50 சென்ட் வீதம் சேரும். பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும் ஒன்றரை ஏக்கர், மனைவிக்கு 50 சென்ட். இறந்தவரின் தாயார் உயிரோடு இருந்தால் அவருக்கும் சம பங்கு உண்டு. அப்போது அந்த 2 ஏக்கர் ஐந்தாகப் பிரியும். கூடப் பாடுபட்ட மனைவிக்கு ஐந்து ஏக்கரில் அரை ஏக்கர்தான் வருகிறது என்பதை இந்தக் கணக்கில் கவனிக்க வேண்டும். மனைவியின் முதுமைக்குப் பாதுகாப்பு வேண்டும் என்று நினைக்கும் விவசாயி, தம் 2 ஏக்கருக்காவது உயில் எழுதுவது நல்லது.

"பாட்டன் சொத்து பேரனுக்கு" என்ற பேச்சும் எப்போதும் சரியல்ல. 1956-க்குப் பின் தகப்பன் உயில் எழுதாமல் இறந்து, அவருடைய தனிச்சொத்து மகனுக்கு வாரிசு முறையில் வந்திருந்தால், அது மகன் கையில் அவனுடைய தனிச்சொத்தே என்று 1986-ல் சந்தர் சென் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு கூறியது. அதில் பேரனுக்குப் பிறப்புரிமை கிடையாது. ஆகவே நிலம் எந்த வழியில் வந்தது என்று மூலப்பத்திரங்களைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும்.

ஆண் வாரிசு இல்லாத தகப்பனின் நிலம் பங்காளிகளுக்குப் போகும் என்ற நம்பிக்கையும் தவறு. தமிழ்நாட்டிலிருந்து போன அருணாசலக் கவுண்டர் வழக்கில் 2022-ல் சுப்ரீம் கோர்ட்டு, 1956-க்கு முன்பே உயில் எழுதாமல் இறந்தவரின் சுயார்ஜிதமும் மகளுக்கே சேரும், சகோதரர் வழியினருக்குச் சேராது என்று தீர்ப்பளித்தது.

மேலே சொன்ன பங்குக் கணக்கு இந்துக் குடும்பங்களுக்கு உரியது. கிறிஸ்தவர்களுக்குப் பிறப்புரிமைப் பங்கு என்பது இல்லை. தகப்பன் தம் சொத்து முழுவதற்கும் உயில் எழுதலாம். முஸ்லிம்கள், வாரிசுகளின் சம்மதம் இல்லாமல் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் உயிலில் எழுத முடியாது.

உயில் கோர்ட்டில் நிற்க வேண்டுமானால்

உயிலுக்கு முத்திரைத்தாள் வேண்டாம். வெள்ளைத் தாளில் எழுதினாலும் செல்லும். எழுதுபவர் கையெழுத்து அல்லது கைரேகை வைக்க வேண்டும். குறைந்தது இரண்டு சாட்சிகள், அவர் கையெழுத்திட்டதைப் பார்த்து அல்லது அவரே ஒப்புக்கொண்டதைக் கேட்டு, அவர் முன்னிலையில் கையெழுத்திட வேண்டும். கூட்டு உயிலானால் இரண்டு பேரின் கையெழுத்துக்கும் இந்த விதி பொருந்தும். கணவர் கையெழுத்திடுவதைப் பார்த்த சாட்சிகள், மனைவி கைரேகை வைப்பதையும் பார்த்திருக்க வேண்டும்.

வழக்கு வந்தால், உயிரோடு இருக்கும் சாட்சிகளில் ஒருவராவது கூண்டில் ஏறிச் சொல்ல வேண்டும். ஆகவே எண்பது வயதுப் பெரியவரையே சாட்சியாகப் போடாமல், வயதில் இளையவர்களைச் சாட்சியாக வைப்பது புத்திசாலித்தனம். சாட்சிகள் இருவருமே இல்லாமல் போனால் கையெழுத்துகளை வேறு வழியில் நிரூபிக்க வேண்டிய சிரமம் வரும். பத்திரம் எழுதியவரின் கையெழுத்தைச் சாட்சிக் கையெழுத்து என்று எண்ணிவிடக் கூடாது. சொத்து அடைபவரையோ அவர் மனைவியையோ சாட்சியாகப் போடுவது சந்தேகத்துக்கு இடம் கொடுக்கும்.

1958-ல் வெங்கடாசல அய்யங்கார் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு சொன்னதுதான் இன்றும் அடிப்படை. உயிலில் சந்தேகத்துக்குரிய அம்சங்கள் இருந்தால், அவற்றைத் தீர்த்துவைக்கும் பொறுப்பு உயிலைக் காட்டி உரிமை கேட்பவரைச் சேர்ந்தது. நடுங்கும் கையெழுத்து, படுக்கையில் கிடந்தபோது எழுதியது, ஆதாயம் பெறும் மகனே முன்னின்று எழுதவைத்தது, மற்றப் பிள்ளைகளைக் காரணம் சொல்லாமல் ஒதுக்கியது ஆகியவை எல்லாம் சந்தேகத்தைக் கிளப்பும். ஒரு பிள்ளைக்குக் குறைத்துக் கொடுத்தால், "இவனுக்குப் படிப்புக்குச் செலவிட்டேன்", "இவளுக்குக் கல்யாணத்தின்போது நகை போட்டேன்" என்று காரணத்தை உயிலிலேயே எழுதிவிடலாம்.

பதிவும் பட்டாவும்

உயிலைப் பதிவு செய்வது கட்டாயமில்லை. ஆனால் செய்வது நல்லது. நடக்க முடியாதவர்களுக்குச் சார்பதிவாளர் வீட்டுக்கே வந்து பதிவு செய்ய வழி உண்டு. உயிலை உறையில் மூடி முத்திரையிட்டு மாவட்டப் பதிவாளரிடம் பாதுகாப்பாக ஒப்படைத்து வைக்கவும் சட்டம் இடம் தருகிறது. பதிவு செய்த உயிலின் நகலை, எழுதியவர் உயிரோடு இருக்கும்வரை அவரோ அவருடைய ஏஜெண்டோதான் வாங்க முடியும். இறந்தபின் யாரும் வாங்கலாம். பதிவு செய்த காரணத்தால் மட்டும் உயில் நிரூபணமாகிவிடாது என்பதையும் மறக்கக் கூடாது. பதிவு செய்த உயிலைப் பதிவு செய்யாத பிந்திய உயில் ரத்து செய்துவிடலாம்.

நிலம் வாங்குபவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று. உயில்கள் பதிவு அலுவலகத்தில் தனிப் புத்தகத்தில் பதிவாகின்றன. வில்லங்கச் சான்றில் அவை தெரியாது. தகப்பன் இறந்து மகன் விற்கும் நிலத்தை வாங்கும்போது, வில்லங்கம் சுத்தமாக இருக்கிறது என்று நம்பிவிடாமல், உயில் உண்டா, சகோதரிகள் கையெழுத்துப் போடுகிறார்களா என்று விசாரிக்க வேண்டும்.

பட்டா விஷயத்திலும் தவறான நம்பிக்கை உண்டு. 1979-ல் தொடங்கி 1980-களில் நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது பல குடும்பங்களில் மூத்தவர் பெயர் மட்டும் பட்டாவில் ஏறிவிட்டது. பட்டா என்பது வருவாய்க் கணக்கு. அதுவே சொத்துரிமை ஆகாது. பட்டாவில் பெயர் இல்லை என்பதால் தம்பி, தங்கையின் பங்கு போய்விடாது. அதே சமயம் கூட்டுப் பட்டாவை அப்படியே விட்டுவைக்காமல், பாகப் பத்திரத்தைக் காட்டி உட்பிரிவு செய்து தனிப்பட்டா வாங்கிக்கொள்வதே பின்னால் நிம்மதி தரும்.

உயிலைத் தவிர வேறு வழிகள்

பெற்றோர் உயிரோடு இருக்கும்போதே எல்லோரும் உட்கார்ந்து பேசிப் பாகப் பத்திரம் எழுதிப் பதிவு செய்வது ஒரு வழி. "பங்காளியையும் பனங்காயையும் பதம் பார்த்து வெட்டு" என்ற பழமொழிபோல், மனஸ்தாபம் முற்றும் முன் செய்ய வேண்டும். கிணறு, மோட்டார், வாய்க்கால், வண்டிப்பாதை ஆகியவற்றைப் பத்திரத்தில் விடாமல் எழுத வேண்டும். நிலத்தைச் சரியாகப் பிரித்துவிட்டுக் கிணற்று முறையை எழுதாமல் விட்டால், சண்டை அங்கே முளைக்கும்.

செட்டில்மென்ட் பத்திரம் இன்னொரு வழி. ஆனால் உயிலுக்கும் இதற்கும் பெரிய வேறுபாடு உண்டு. உயில் இறந்தபின் நடைமுறைக்கு வரும், மாற்றலாம். செட்டில்மென்ட் எழுதிக் கொடுத்த அன்றே உரிமை கைமாறும், இஷ்டம்போல் ரத்து செய்ய முடியாது. எழுதி வாங்கிய பிள்ளை சோறு போடாவிட்டால் என்ன செய்வது? 2007-ம் ஆண்டின் பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டம் 23-வது பிரிவின்படி, பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதிக்கொடுத்த பத்திரத்தை, நிபந்தனை மீறப்பட்டால் செல்லாததாக்கும்படி ஆர்.டி.ஓ.விடம் மனுக் கொடுக்கலாம். ஆகவே "கடைசிவரை உணவு, உடை, வைத்தியச் செலவு செய்து காப்பாற்ற வேண்டும்" என்ற வரியைப் பத்திரத்தில் தெளிவாக எழுதச் சொல்ல வேண்டும்.

வழக்கு என்று வந்துவிட்டால்

பங்கிலிருந்து ஒதுக்கப்பட்டவர், தாம் ஒதுக்கப்பட்டது தெரிந்த நாளிலிருந்து 12 வருஷத்துக்குள் வழக்குத் தொடுக்க வேண்டும். "அண்ணன்தானே, பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று காலம் கடத்தினால் உரிமை நழுவிவிடும்.

வாரிசாக வந்த நிலத்தில் ஒருவர் தம் பங்கை வெளியாருக்கு விற்க முனைந்தால், அதை முதலில் வாங்கும் உரிமை உடன் வாரிசுகளுக்கு உண்டு. இந்து வாரிசுரிமைச் சட்டம் 22-வது பிரிவு தரும் இந்த உரிமை விவசாய நிலத்துக்கும் பொருந்தும் என்று 2019-ல் சுப்ரீம் கோர்ட்டு உறுதி செய்தது. சிறு துண்டு நிலம் வெளியார் கைக்குப் போகாமல் காக்க இது உதவும்.

பெண்களுக்கும், ஆதிதிராவிடர் மற்றும் பழங்குடியினருக்கும், வருமானம் குறைந்தவர்களுக்கும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் வைத்துக் கொடுக்கிறது. லோக் அதாலத்தில் சமரசம் ஆனால் அதன் முடிவு கோர்ட்டு டிக்ரிக்குச் சமம். அதன்மேல் அப்பீல் கிடையாது. கோர்ட்டில் நடந்துகொண்டிருக்கும் வழக்கு அங்கே சமரசமானால், கட்டிய கோர்ட்டுக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். குடும்ப நில வழக்குகளுக்கு இதைவிடச் சிக்கனமான வழி இல்லை.

எழுதும் முன் செய்ய வேண்டியவை

1. ஒவ்வொரு சர்வே நம்பருக்கும் எதிரே அது பிதிரார்ஜிதமா, சொந்தச் சம்பாத்தியமா, மனைவியின் சொத்தா என்று குறித்துக்கொள்ளவும்.

2. கூடியவரை கணவனும் மனைவியும் தனித்தனி உயில் எழுதுவதே நல்லது. கூட்டு உயில்தான் வேண்டும் என்றால், அவரவர் சொத்தைத் தனித்தனி ஷெடியூலாகப் பிரித்துக் காட்டவும்.

3. ஒருவர் இறந்தபின் மற்றவர் மாற்றலாமா, கூடாதா என்பதை ஒரு வரியில் வெளிப்படையாக எழுதவும். எழுதாமல் விட்டால் கோர்ட்டுதான் அதை முடிவு செய்யும்.

4. பிழைத்திருப்பவருக்குக் கிடைப்பது முழு உரிமையா, ஆயுள் உரிமையா என்று குறிக்கவும். இரண்டு விதமாகவும் எழுத வேண்டாம்.

5. வைத்தியச் செலவுக்காக எந்த நிலத்தை, எவ்வளவு சென்ட் வரை விற்கலாம் என்று அதிகாரம் கொடுத்து வைக்கவும்.

6. பராமரித்த பிள்ளைக்கு ஒரு பகுதியை எழுதிவைக்கும் உரிமையைப் பிழைத்திருப்பவருக்கு விட்டுவைக்கவும்.

7. எழுதியதை வீட்டுப் பெண்களுக்கும் படித்துக் காட்டவும். கைரேகை வைக்கும் மனைவிக்கு உயிலின் சாரம் தெரிந்திருக்க வேண்டும்.

8. கையெழுத்துப் போடும் முன் வக்கீல் ஒருவரிடம் காட்டி யோசனை கேட்கவும். அதற்கு ஆகும் செலவு, வழக்கில் ஆகும் செலவோடு பார்த்தால் சொற்பமே.

விதைக்கும் முன் மண்ணைப் பார்க்கிற விவசாயி, கையெழுத்துப் போடும் முன் வாசகத்தையும் பார்க்க வேண்டும். உடம்பில் தெம்பும் மனதில் தெளிவும் இருக்கும்போதே, பிள்ளைகளைக் கூட்டி உட்காரவைத்துப் பேசி, யார் யாருக்கு எது என்று தெளிவாக எழுதிவைப்பது நல்லது. நிலத்தோடு பிள்ளைகளின் உறவும் அதனால் பிழைக்கும்.